மர்டரஸ்லி: கொலையை உள்ளே வைத்திருக்கும் ஓர் ஆங்கிலச் சொல்லுக்கு முழுமையான வழிகாட்டி

காட்பாடியில் மாலை நேரத்தில் ஆங்கில வகுப்பு எடுக்கிறேன். குடியாத்தம், அணைக்கட்டு, ஒடுகத்தூர் பக்கத்திலிருந்து பஸ் பிடித்து வரும் பிள்ளைகள். பெரும்பாலும் தமிழ் வழியில் படித்தவர்கள். போன ஏப்ரலில் ஒரு நாள், நர்சிங் மூன்றாம் ஆண்டு படிக்கும் பெண் ஒருத்தி கதைப் புத்தகத்தில் ஒரு வரியின் மேல் விரலை வைத்தபடி என் மேசைக்கு வந்தாள். "ஹி க்ளேர்ட் மர்டரஸ்லி அட் த டிரைவர்." அதன் கீழே பென்சிலில் இப்படி எழுதியிருந்தாள்: "அவன் டிரைவரைக் கொலை செய்து பார்த்தான்."

"போன்ல போட்டா கொலைகாரத்தனமாகன்னு வருது மிஸ். அப்ப டிரைவரு செத்துட்டானா? ஆனா அடுத்த பக்கத்துல வண்டி ஓட்டிகினு கீறானே?"

அந்தக் கேள்வி எனக்கு ரொம்பப் பிடித்தது. இந்தச் சொல்லில் தடுக்கி விழும் இடம் சரியாக அதுதான். கொலை என்ற சொல் உள்ளே இருக்கிறது. ஆனால் வாக்கியத்தில் யாரும் சாகவில்லை. ஆங்கிலம் படிக்கும் நம் பிள்ளைகளுக்கு இந்தச் சொல் அடிக்கடி வராது. வரும்போது கதையிலோ பத்திரிகைக் கட்டுரையிலோ முக்கியமான இடத்தில் வந்து நிற்கும். அதனால் அன்று கரும்பலகையில் எழுதிக் காட்டியதை இங்கே படிப்படியாக விரித்து எழுதுகிறேன்.

முதல் படி: சொல்லைப் பிரித்துப் பாருங்கள்

மர்டர், அஸ், லி. மூன்று துண்டுகள்.

மர்டர் என்றால் கொலை. பழைய ஆங்கிலத்திலேயே இருந்த சொல் இது. மொழிநூலார் இதன் வேரைத் தேடிப் போனால் லத்தீனில் சாவைக் குறிக்கும் 'மோர்ஸ்' என்ற சொல்லும், சமஸ்கிருதத்தின் 'மரண', 'மிருத்யு' என்ற சொற்களும் அதே வேரில் கிளைத்தவை என்று காட்டுகிறார்கள். நாம் சாவு வீட்டில் 'மரணம்' என்கிறோமே, அந்தச் சொல்லுக்கு மர்டர் தூரத்து உறவு. அமிர்தமும் அதே குடும்பம்தான்: சாவு இல்லாதது என்று பொருள். இதைச் சொன்னதிலிருந்து என் வகுப்பில் யாரும் மர்டர் என்ற சொல்லின் எழுத்தை மறந்ததில்லை.

நடுவில் இருக்கும் 'அஸ்' துண்டு பிரெஞ்சு வழியாக லத்தீனிலிருந்து வந்தது. நிறைந்த, உடைய என்று பொருள். டேஞ்சரஸ், ஃபேமஸ், நெர்வஸ் எல்லாவற்றிலும் இருப்பது இதுதான். ஆக மர்டரஸ் என்பது 'கொலை எண்ணம் நிறைந்த'.

கடைசித் துண்டு 'லி'. இதற்கு ஆதியில் உடல், உருவம் என்று பொருள் இருந்தது. 'இந்த உருவில்' என்பதுபோல் ஒட்டிக்கொண்டு நாளடைவில் தேய்ந்து வெறும் விகுதியானது. நம் தமிழில் 'ஆக' செய்யும் வேலையை ஆங்கிலத்தில் 'லி' செய்கிறது: வேகம், வேகமாக; க்விக், க்விக்லி.

மூன்றையும் சேர்த்தால் 'கொலை எண்ணம் நிறைந்த விதத்தில்' என்று வரும். இதில் 'எண்ணம்' என்ற சொல்லை அடிக்கோடிட்டுக் கொள்ளுங்கள். மூன்றாம் படியில் தேவைப்படும்.

இரண்டாம் படி: வாயில் பழக்குங்கள்

எழுத்து: எம், யு, ஆர், டி, இ, ஆர், ஓ, யு, எஸ், எல், ஒய். நடுவில் ஓவும் யுவும் அடுத்தடுத்து வருவதைப் பார்த்து 'மர்டரௌஸ்லி' என்று படிப்பவர்கள் அதிகம். அங்கே ஔ கிடையாது. அந்த இரண்டு எழுத்தும் சேர்ந்து தேய்ந்த 'அ' மட்டும்தான் ஒலிக்கும்.

மர்-ட-ரஸ்-லி என்று நான்கு அசை. முதல் அசையில் அழுத்தம். மற்ற மூன்றும் தாழ்ந்து ஓட வேண்டும். நாம் தமிழ்ப் பழக்கத்தில் நான்குக்கும் ஒரே எடை கொடுப்போம். அப்போது கேட்பவருக்குச் சொல் பிடிபடாது. முதல் அசையின் உயிரொலி தமிழில் இல்லை. ஆனால் 'நர்ஸ்' என்ற சொல்லில் இருப்பதும் அதே ஒலிதான். வேலூரில் ஒரு நாளைக்குப் பத்துத் தடவையாவது நாம் சொல்லும் சொல். நர்ஸ் என்பதை நல்ல ஆங்கிலத்தில் சொல்லிப் பாருங்கள்; அந்த உயிரை அப்படியே மர்டருக்குக் கொடுங்கள்.

மூன்றாம் படி: சாவைத் தேடாதீர்கள், எண்ணத்தைத் தேடுங்கள்

இதற்குத்தான் நேரம் ஒதுக்க வேண்டும். மற்றப் படிகள் எல்லாம் இதைப் பிடித்துக்கொண்டே வரும்.

சட்டத்திலிருந்து தொடங்கலாம். ஒருவர் செத்துவிட்டார் என்பதால் மட்டும் சட்டம் அதைக் கொலை என்று சொல்வதில்லை. எந்த எண்ணத்தோடு, எதைத் தெரிந்துகொண்டு செய்தார் என்று பார்க்கிறது. 2024 ஜூலை 1 முதல் நடப்பில் உள்ள பாரதிய நியாய சன்ஹிதாவில் 101ஆம் பிரிவு கொலை எது என்று வரையறுக்கிறது; 103 அதற்குத் தண்டனை சொல்கிறது. 109ஆம் பிரிவு கொலை முயற்சிக்கு உரியது. அங்கே யாரும் சாகாமல் இருக்கலாம். எண்ணம் இருந்தது, செயலும் நடந்தது, உயிர் மட்டும் தப்பியது. தமிழ்ச் செய்தித்தாள்கள் 'கொலைவெறித் தாக்குதல்' என்று போடுமே, அடிபட்டவர் ஆஸ்பத்திரியில் உயிரோடுதான் இருப்பார். மர்டரஸ்லி என்ற சொல் நிற்கும் இடம் அதுதான்.

இதற்குப் பக்கத்தில் வைத்துப் பார்க்க வேண்டிய சொல் 'ஃபேட்டலி'. சென்னை–பெங்களூரு நெடுஞ்சாலையில் ஒரு விபத்து. லாரி மோதி ஒருவர் இறந்துவிட்டார். "ஹி வாஸ் ஃபேட்டலி இஞ்சர்ட்" என்பது சரி. "த லாரி மர்டரஸ்லி ஹிட் ஹிம்" என்றால் தவறு. லாரிக்கு எண்ணம் கிடையாது. ஓட்டியவர் வேண்டுமென்றே ஏற்றினார் என்று சொல்ல வந்தால்தான் இந்தச் சொல்லுக்கு அங்கே இடம், அப்போதும் அது டிரைவருக்குத்தான் பொருந்தும்.

ஆக ஃபேட்டலி முடிவைச் சொல்லும். எண்ணத்தைப் பற்றி வாய் திறக்காது. மர்டரஸ்லி எண்ணத்தைச் சொல்லும். முடிவு என்ன என்று சொல்லாது. ப்ரூட்டலி என்பது மூன்றாவது: அடித்த விதத்தின் கொடூரத்தைச் சொல்லும். "ஹி வாஸ் ப்ரூட்டலி பீட்டன்" என்றால் அடி எவ்வளவு கொடுமையானது என்று தெரிகிறது. கொல்லத்தான் அடித்தார்களா என்பது தெரியவில்லை.

இப்போது கதைக்குத் திரும்புங்கள். டிரைவர் ஏன் அடுத்த பக்கத்தில் வண்டி ஓட்டுகிறான்? அவன் மேல் விழுந்தது பார்வை மட்டும். அந்தப் பார்வையில் கொன்றுவிடும் ஆத்திரம் இருந்தது. அவ்வளவுதான்.

போர் பற்றிய எழுத்தில் மட்டும் இந்தக் கணக்கு கொஞ்சம் மாறும். 'மர்டரஸ் ஃபயர்' என்று ஒரு பழைய வழக்கு இருக்கிறது. ஆட்கள் கொத்துக் கொத்தாக விழும்படியான துப்பாக்கிச் சூடு என்று அர்த்தம். அங்கே சாவு உண்மையிலேயே நடக்கிறது. சொல் அதன் அளவைக் காட்டுகிறது.

நான்காம் படி: பார்த்தானா, தெரிந்தானா?

தேர்வில் மதிப்பெண் போகும் இடம் இது. இரண்டு வாக்கியங்களை எழுதுங்கள்.

"ஹி லுக்ட் மர்டரஸ்லி அட் ஹிஸ் பிரதர்."
"ஹி லுக்ட் மர்டரஸ்."

முதல் வாக்கியத்தில் அவன் பார்க்கிறான். லுக் என்பது கண் செய்யும் வேலை. எப்படிப் பார்த்தான் என்ற கேள்விக்கு விடை வேண்டும், ஆகவே லி ஒட்டிய வினையடை. தம்பியைக் கொன்றுவிடுவதுபோல் பார்த்தான்.

இரண்டாவதில் அவன் எதையும் பார்க்க வேண்டியதில்லை. நாம்தான் அவனைப் பார்க்கிறோம். லுக்ட் என்பது இங்கே 'காணப்பட்டான், தெரிந்தான்' என்ற பொருளில் வருகிறது. அவன் எப்படி இருந்தான் என்பதற்கு விடை வேண்டும், ஆகவே லி இல்லாத மர்டரஸ். அவன் முகத்தில் கொலைவெறி தெரிந்தது.

சோதிக்க ஒரு வழி: லுக்ட் இருக்கும் இடத்தில் 'வாஸ்' போட்டுப் பாருங்கள். வாக்கியம் நின்றால் லி வேண்டாம். "ஹி வாஸ் மர்டரஸ்" நிற்கிறது. "ஹி வாஸ் மர்டரஸ்லி அட் ஹிஸ் பிரதர்" நிற்கவில்லை. அங்கே பார்க்கும் வினைதான் வேண்டும். ஃபீல், ஸ்மெல், சவுண்ட், டேஸ்ட் என்ற சொற்களுக்கும் இந்தச் சோதனை பொருந்தும்.

பார்வையோடு இந்தச் சொல் சேரும்போது அதிகம் வரும் வினைகள் க்ளேர், ஸ்டேர், ஸ்கௌல். மூன்றிலும் க்ளேர்தான் மிகப் பொருத்தம், ஏனென்றால் அதன் பொருளே முறைத்தல். "ஹி ஸ்மைல்ட் மர்டரஸ்லி" என்றும் எழுதலாம். படிக்கும்போது முதுகு சில்லிடும். கோபத்தைவிடச் சிரிப்போடு சேரும்போது இந்தச் சொல்லுக்கு வலு கூடுகிறது என்பது என் எண்ணம். உணர்ச்சியின் அளவைச் சொல்லவும் வரும்: "மர்டரஸ்லி ஜெலஸ்", "மர்டரஸ்லி ஆங்க்ரி".

ஐந்தாம் படி: வெயிலும் கணக்குத் தாளும்

இந்தச் சொல்லுக்கு இன்னொரு வேலையும் உண்டு. யாரையும் கொல்லும் எண்ணம் இல்லாத பொருள்களோடு சேர்ந்து, தாங்க முடியாத அளவுக்கு என்று பொருள் தரும். "இட் வாஸ் மர்டரஸ்லி ஹாட்." இந்த வாக்கியம் வேலூர்க்காரர்களுக்கு விளக்கம் கேட்காது. கடல்காற்று எட்டாத தூரம், சுற்றிலும் பாறை மலை, பாலாற்றில் மணல். மே மாதம் கத்திரி தொடங்குவதற்கு முன்னாலேயே செய்தித்தாள்கள் பாரன்ஹீட்டில் 104, 106 என்று போட ஆரம்பித்துவிடும். 104 என்றால் செல்சியஸில் 40. மதியம் இரண்டு மணிக்குப் பழைய பஸ் நிலையத்தில் நின்றவரிடம் கேளுங்கள். "இன்னா வெயிலு, கொல்லுது" என்பார்.

பாருங்கள், தமிழும் அதே வழியில்தான் போகிறது. 'வெயில் கொல்லுது' என்கிறோம். 'கணக்குப் பேப்பர் உயிர வாங்கிட்டான்' என்கிறோம். சுருதி இல்லாமல் பாடினால் 'பாட்டக் கொல பண்றான்' என்கிறோம். ஆங்கிலத்திலும் பாட்டை மர்டர் பண்ணுவது உண்டு. தாங்க முடியாத எதற்கும் ஒரு கொலைகார எண்ணத்தைக் கொடுத்துவிடுவது இரண்டு மொழிக்கும் பொதுவான பழக்கம். அதனால் மூன்றாம் படியில் சொன்னது இங்கேயும் உடையவில்லை. சூரியனுக்கு நம்மேல் பகை இருப்பதுபோல் பேசுகிறோம், அதுதான் இந்தச் சொல்லின் சுவை.

எதனோடு சேரும்? மர்டரஸ்லி ஹாட், மர்டரஸ்லி டிஃபிகல்ட், மர்டரஸ்லி ஷார்ப். ஓட்டப் பந்தயத்தின் வேகத்தையோ ஓய்வில்லாத வேலை அட்டவணையையோ சொல்ல லி இல்லாமல் 'மர்டரஸ் பேஸ்', 'மர்டரஸ் ஷெட்யூல்' என்று வரும். கண்டிப்பாக நினைவில் வைக்க வேண்டியது: எப்போதும் துன்பம் தரும் விஷயத்தோடுதான். "மர்டரஸ்லி டேஸ்ட்டி" கிடையாது. நம் ஊர்ப் பையன்கள் ஆம்பூர் பிரியாணியைச் சாப்பிட்டுவிட்டு 'கொன்னுட்டான்' என்று பாராட்டுவார்கள். அந்தக் 'கொன்னுட்டான்' ஆங்கிலத்தில் மர்டரஸ்லி ஆகாது. சமைத்தவரை அவமதித்ததாக முடியும். சிரித்துச் சிரித்து உயிர் போகிறது என்பதற்கும் இது வேண்டாம். அதற்கு 'கில்லிங்லி ஃபன்னி' என்று பழைய சேர்க்கை ஒன்று உண்டு. கில் என்ற வினை மகிழ்ச்சிப் பக்கமும் போகும், மர்டர் போகாது. தமிழில் கொல் என்பது இரண்டு பக்கமும் போவதால் நமக்கு இந்தக் குழப்பம் வருகிறது.

ஆறாம் படி: வாக்கியத்தில் இடம்

சுருக்கமாகச் சொல்லிவிடலாம். செயலின் விதத்தைச் சொன்னால் வினைக்குப் பின்னால்: "ஷி ஸ்டேர்ட் மர்டரஸ்லி." அளவைச் சொன்னால் பெயரடைக்கு முன்னால்: "மர்டரஸ்லி ஹாட்." முன்னால் 'வெரி' வேண்டாம், சொல்லே உச்சத்தில் நிற்கிறது. ஒப்பிட வேண்டுமானால் 'மோர் மர்டரஸ்லி'. ஒரு பக்கத்தில் இரண்டு முறை வந்தால் ஒன்றை அடித்துவிடுங்கள். அரிய சொல் இரண்டாம் முறை வரும்போது பலம் பாதியாகிவிடும்.

ஏழாம் படி: எழுதக் கூடாத இடங்கள்

வெளிநாட்டு வேலைக்காக ஓஇடி என்ற மருத்துவத் துறை ஆங்கிலத் தேர்வுக்குத் தயாராகும் நர்சிங் பிள்ளைகள் என்னிடம் நிறைய. அவர்களுக்குக் கண்டிப்பாகச் சொல்கிறேன்: நோயாளியைப் பற்றிய கடிதத்தில் இந்தச் சொல் வரவே கூடாது. வலி தாங்க முடியவில்லை என்றால் 'சிவியர்' என்று எழுதுங்கள், பத்துக்கு எத்தனை என்ற வலி அளவை எழுதுங்கள். படிக்கும் டாக்டருக்கு அளவு வேண்டும்; வலிக்கு நாம் கொடுக்கும் உருவகம் உதவாது. அலுவலகக் கடிதம், விடுப்பு விண்ணப்பம், போலீஸ் புகார் எதிலும் வேண்டாம். புகாரில் எண்ணத்தை நாமே தீர்ப்புச் சொல்லிவிடக் கூடாது. யார், என்ன ஆயுதம், எங்கே அடித்தார், என்ன சொல்லிக்கொண்டு அடித்தார் என்று எழுதுங்கள். எண்ணம் அதிலிருந்தே தெரியும்.

வரலாற்று விடைத்தாளில் இன்னும் கவனம். வேலூர்ப் பிள்ளைகளுக்கு 1806 ஜூலை 10, வேலூர்ச் சிப்பாய்க் கிளர்ச்சி நடந்த நாள், வீட்டுச் செய்தி மாதிரி. புதிய தலைப்பாகையும், நெற்றிக் குறியும் தாடியும் கூடாது என்ற உத்தரவும் சிப்பாய்களைக் கொதிக்க வைத்தன. விடியும் முன் கோட்டைக்குள் கிளர்ந்து எழுந்தார்கள். நூற்றுக்கும் மேற்பட்ட ஆங்கிலேயப் படையினர் கொல்லப்பட்டார்கள். ஆற்காட்டிலிருந்து ஆங்கிலேய அதிகாரி கில்லெஸ்பி குதிரைப் படையோடு வந்து கோட்டையை மீட்டபின், பிடிபட்ட சிப்பாய்களைச் சுவரோரம் நிறுத்திச் சுட்டார்கள். ஒரு மாணவன் "த சிப்பாய்ஸ் மர்டரஸ்லி அட்டாக்ட்" என்று எழுதிக்கொண்டு வந்தான். எதிர்த்தவர்களுக்கு மட்டும் அந்தச் சொல்லைக் கொடுத்திருந்தான்; சுவரோரம் நிறுத்திச் சுட்டவர்களுக்கு வெறும் "ஷாட்" என்று எழுதியிருந்தான். எங்கிருந்தோ பார்த்து எழுதியது.

நான் அவனை உட்கார வைத்து இரண்டு வரியையும் அடுத்தடுத்து வாசிக்கச் சொன்னேன். மூன்றாம் தடவை வாசித்தபோது அவனே நிறுத்திவிட்டு, "மிஸ், நம்ம ஆளுங்கள மட்டும் கொலகாரன்னு எழுதிட்டேன்" என்றான். எண்ணத்தைச் சொல்லும் சொல் என்பதால் அது கூடவே குற்றமும் சுமத்துகிறது. கையில் ஆயுதம் இல்லாதவரைச் சுவரோரம் நிறுத்தியவர்களின் எண்ணம் என்ன என்று அவன் கேட்காமல் விட்டிருந்தான். திருப்பி எழுதும்போது அந்தச் சொல்லை எடுத்துவிட்டு, இரண்டு வரியிலும் எண்ணிக்கையையும் காரணத்தையும் எழுதினான். விடை முன்பைவிடக் கனமாக இருந்தது. மக்கான் சந்திப்பில் அந்தக் கிளர்ச்சிக்காக நிற்கும் நினைவுத்தூணைக் கடந்துதான் அவன் தினமும் வகுப்புக்கு வருகிறான்.

எட்டாம் படி: தமிழில் கொண்டுவருவது

'கொலைகாரத்தனமாக' என்று போன் சொல்வது தப்பில்லை, ஆனால் எந்தத் தமிழரும் அப்படிப் பேசமாட்டார். இடத்துக்குத் தகுந்தபடி மாற்றுங்கள்.

தாக்குதலோடு வந்தால் 'கொலைவெறியோடு'. இது அப்படியே பொருந்தும். வெயிலோடு வந்தால் 'மண்டையைப் பிளக்கிற வெயில்' அல்லது 'கொல்லுகிற வெயில்'. கடினத்தோடு வந்தால் 'உயிரை எடுக்கிற மாதிரி'.

பார்வையோடு வரும்போதுதான் யோசிக்க வேண்டும். 'கண்ணாலேயே கொன்றான்' என்று எழுதினால் தமிழ் வாசகர் காதலுக்குப் போய்விடுவார். நம் மொழியில் பார்வையால் கொல்வது அழகிகளின் வேலை. கோபக்காரரின் கண் நம்மிடம் எரிக்கும். மன்மதனைச் சிவன் சுட்டது நெற்றிக்கண்ணால். வீட்டில் அம்மா கோபமாகப் பார்த்தாலும் 'எரிச்சிடுற மாதிரி பாக்குறாங்க' என்கிறோம். ஆகவே ஆங்கிலக் கண் கொலை செய்யும் இடத்தில் தமிழ்க் கண்ணை எரிக்க விடுங்கள். அன்று அந்தப் பெண்ணின் புத்தகத்தில் பென்சில் வரியை அழித்துவிட்டு நாங்கள் இப்படி எழுதினோம்: "டிரைவரை எரித்துவிடுவதுபோல் முறைத்தான்."

அவள் அதைப் படித்துவிட்டு, "இதுல கொலையே இல்லியே மிஸ்" என்றாள். இல்லைதான். ஆனால் டிரைவரின் உயிருக்கு ஒன்றும் ஆகாது என்பதும், அவன் பயந்துவிட்டான் என்பதும் ஒரே வாக்கியத்தில் தெரிகிறது. மூல வரி செய்த வேலை அதுதான்.

பழகிப் பார்க்க

கீழே உள்ளவற்றில் மர்டரஸ்லி பொருந்துமா, இல்லை வேறு சொல்லா என்று முதலில் நீங்களே முடிவு செய்யுங்கள். பிறகு என் விடையைப் பாருங்கள்.

பாம்பு கடித்து ஒருவர் இறந்தார். பொருந்தாது, ஃபேட்டலி.

சொத்துத் தகராறில் அண்ணன் தம்பியை முறைத்தான். பொருந்தும். க்ளேர் போடுங்கள்.

மே மாதம் தகரக் கூரையின் கீழே தேர்வு எழுதினோம். பொருந்தும், ஹாட் என்பதற்கு முன்னால்.

அத்தை வைத்த மீன் குழம்பு கொன்னுடுச்சு. பொருந்தாது. 'அமேசிங்' என்று எழுதிவிட்டு இன்னொரு கரண்டி சோறு போட்டுக்கொள்ளுங்கள்.

அவன் முகம் கொலைவெறியோடு இருந்தது. லி எடுத்துவிட்டு மர்டரஸ்.

தாத்தா தூக்கத்திலேயே போய்விட்டார். பொருந்தாது. அதற்கு ஆங்கிலத்தில் 'பீஸ்ஃபுலி' என்பார்கள்.